சர்க்காரின் தடையும் முதலாளியின் கத்தரியும்

மூன்று மணி நேரப் படம் பார்த்துப் பழகியவர்கள் நாம். பிரெஞ்சு நாட்டு ழான் விகோ தம் வாழ்நாளில் எடுத்த படங்கள் மொத்தம் நான்கு. நான்கையும் சேர்த்து ஓட்டினாலும் மூன்று மணி நேரம் ஆகாது! அந்த நான்கிலேயே ஒன்றுக்குச் சர்க்கார் தடை போட்டது. மற்றொன்றை முதலாளிகள் வெட்டி எறிந்தனர். அப்படி என்ன செய்துவிட்டார் அந்த இளைஞர்?

தந்தை மிகேல் அல்மெரெய்தா, ஆட்சியாளரைச் சாடி எழுதிப் பலமுறை சிறை சென்றவர். 1917இல் சிறைக்கூடத்திலேயே பிணமானார். கழுத்தை இறுக்கியிருந்தது பூட்ஸ் கயிறு. தற்கொலை என்று கூறி வழக்கை மூடினர். பன்னிரண்டு வயது மகன், தகப்பன் பெயரை மறைத்து, மாற்றுப் பெயரில் விடுதிப் பள்ளியில் வளர்ந்தான்.

1930இல் முதல் படம், நீஸ் நகரைப் பற்றி. கடற்கரைச் சாலையில் சாய்வு நாற்காலியில் வெயில் காயும் சீமான்கள், சீமாட்டிகள். அதே ஊரின் சந்துகளில் ஏழைகளின் குடியிருப்பு. வசனம் கிடையாது. எதற்கு வசனம்? அடுத்தது, நீச்சல் வீரர் ஒருவரைப் பற்றிக் கேட்டவர்களுக்கு எடுத்துக் கொடுத்த சிறு படம்.

1933இல் வந்தது 'நடத்தைக்குப் பூஜ்யம்'. கதையும் வசனமும் விகோவே. விடுதிப் பிள்ளைகளின் கலகம்! தலைமை ஆசிரியரோ குள்ள உருவம், நெடுந்தாடி. பள்ளி விழாவிலே முன்வரிசையில் பிரமுகர்கள். அவர்களுக்குப் பின்னால் வெறும் பொம்மைகள்! கூரை ஏறிய சிறுவர்கள் கைக்குக் கிடைத்ததை எல்லாம் அவர்கள் தலைமீது வீசுகிறார்கள். முக்கால் மணி நேரப் படம், தோழர்களே! அதற்கு நடுங்கியது சர்க்கார். தடை 1945 வரை நீடித்தது.

கடைசிப் படம் 'லத்தலாந்த்', 1934. சரக்குத் தோணியிலே குடித்தனம் நடத்தும் ஓர் இளம் தம்பதியின் கதை. முன்பே காசநோயாளி, கடுங்குளிரில் படமெடுத்துப் படுக்கையில் விழுந்தார் விகோ. அந்த நேரம் பார்த்துக் கோமோன் நிறுவனத்தார் படத்தை வெட்டினர். அன்று ஊரெல்லாம் பாடிய ஒரு பாட்டைச் செருகி, அதன் பெயரையே படத்துக்கும் சூட்டினர். அப்படியும் கூட்டம் வரவில்லை. 1934 அக்டோபர் 5ஆம் நாள் விகோ இறந்தார். வயது 29.

தடுத்தவர்களைவிட வெட்டியவர்கள்மீதே நமக்குக் கோபம் அதிகம். தடுக்கப்பட்ட படம் பன்னிரண்டு ஆண்டுகளில் திரைக்கு மீண்டது. வெட்டுண்ட படத்தின் துண்டுகளைத் தேடி ஒட்டவைக்க 1990 வரை ஆயிற்று.