சட்டமன்றத்தில் ஒரு முஸ்லிம் பெண்: அன்றும் இன்றும்

1937இல் அமைந்த சென்னை மாகாணச் சட்டசபையில் 215 இடங்கள். அவற்றில் 8 பெண்களுக்கு; அந்த எட்டிலும் ஒன்று முஸ்லிம் பெண்ணுக்கென்றே ஒதுக்கப்பட்டிருந்தது. அதில் அமர்ந்தவர் கதீஜா யாகூப் ஹசன். கணவர் யாகூப் ஹசன் ராஜாஜியின் அமைச்சரவையில் பொதுப்பணித் துறையைக் கவனித்தவர். ஆனால் வாக்கு எல்லோருக்கும் இல்லை. சொத்து வேண்டும், இல்லையேல் படிப்பு வேண்டும், அதுவும் இல்லையென்றால் சொத்துள்ளவரின் மனைவியாக இருக்க வேண்டும். சென்னைக்கு வடக்கே கழனியில் நாற்று நட்ட பெண்களுக்கும் அந்தத் தேர்தலுக்கும் ஒரு தொடர்பும் இல்லை.

1952இல் அந்தப் பெண்களும் வரிசையில் நின்று வாக்களித்தார்கள். தனி இடம் அதற்கு முன்பே போய்விட்டது. பெற்றது பெரிது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனாலும் இழந்ததைக் கணக்கில் எழுதாமல் விட முடியவில்லை. 2006இல் திருவல்லிக்கேணியில் வென்றார் வழக்கறிஞர் பதர் சயீத். காஜிகள் கொடுக்கும் தலாக் சான்றிதழ் வெறும் கருத்துதான், சட்டப்படி செல்லாது என்று 2017இல் உயர் நீதிமன்றம் சொன்னது அவர் தொடுத்த வழக்கில்தான். 2016இல் வாணியம்பாடியில் வென்ற நிலோபர் கபீல் தொழிலாளர் நலத்துறை அமைச்சரானார். அதற்கு முன் அவர் நகராட்சித் தலைவர். 2021 தேர்தலில் 234 பேரில் பெண்கள் 12 பேர். முஸ்லிம் பெண் ஒருவரும் இல்லை.

எங்கள் மாத்தூர் 2011 வரை ஊராட்சி. இப்போது மாநகராட்சியின் மணலி மண்டலம். அந்நாளில் பெண் தலைவர் இருந்த பல ஊராட்சிகளில், மனுவை வாங்கி மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொள்பவர் அவருடைய கணவர். கையெழுத்து மட்டும் வீட்டிலிருந்து வரும். அந்த வழக்கம் முற்றும் ஒழியவில்லை. ஆனால் இன்று மழைநீர் வடிகால் அடைத்துக்கொண்டால் கவுன்சிலரம்மாவையே போனில் பிடிக்கிறார்கள், பதிலும் அவரே சொல்கிறார். 2016இல் உள்ளாட்சி இடங்களில் பாதி பெண்களுக்கு என்று சட்டம் வந்தது. 2022இல் வடசென்னையின் பிரியா தம் 28ஆம் வயதில் மேயரானார்.

வார்டிலிருந்து எவ்வளவு தூரம் போகலாம் என்பதற்கு வெளிநாட்டு உதாரணம் ஒன்று உண்டு. இல்ஹான் ஒமர் சோமாலியாவில் பிறந்தவர். உள்நாட்டுப் போரில் குடும்பத்தோடு தப்பி, கென்யாவின் அகதி முகாமில் நான்கு ஆண்டுகள் இருந்தார். 1995இல் அமெரிக்கா போனபோது வயது 12. மினியாபொலிஸ் நகரில் கட்சியின் உள்ளூர்க் கூட்டங்களுக்குத் தாத்தாவோடு போய் அவருக்கு மொழிபெயர்த்துச் சொன்ன சிறுமி, 2016இல் மினசோட்டா மாநிலச் சட்டமன்றத்துக்கே போனார். உட்கட்சித் தேர்தலில் அவரிடம் தோற்றவர்களில் ஒருவர் 44 ஆண்டுகளாக அந்த இடத்தில் இருந்தவர். முகாமிலிருந்து வந்த சிறுமி சட்டமன்றம் புக 21 ஆண்டுகள் போதுமானதாக இருந்தது.

மாத்தூருக்குப் பக்கத்தில் புழலிலும் ஒரு முகாம் இருக்கிறது. 1983க்குப் பின் இலங்கையிலிருந்து வந்தவர்களும் அவர்களுடைய பிள்ளைகளும் வாழும் முகாம். 2021இல் ‘அகதிகள் முகாம்’ என்ற பெயர் ‘மறுவாழ்வு முகாம்’ என்று மாறியது, வாக்குரிமை வரவில்லை. தமிழகம் முழுவதும் இத்தகைய முகாம்களில் சுமார் 58,000 பேர். இந்தியாவிலேயே பிறந்த, திருச்சி கொட்டப்பட்டு முகாமைச் சேர்ந்த ஒரு பெண் நீதிமன்றம் வரை போய்ப் போராடி, 2024இல் வாக்களித்தார். இந்த முகாம்களிலிருந்து வாக்குச்சாவடிக்குப் போன முதல் ஆள் அவர்தான்.

அடுத்த மாநகராட்சித் தேர்தலுக்கு வேட்பாளர் பட்டியல் எழுதும்போது மணலி, திருவொற்றியூர், ராயபுரம் பகுதிகளின் இளம் முஸ்லிம் பெண்களுக்கும் கட்சிகள் இடம் கொடுக்க வேண்டும். வெல்லக்கூடிய வார்டாகப் பார்த்துக் கொடுக்க வேண்டும். முகாமில் பிறந்து வளர்ந்த பெண்களுக்குக் குடியுரிமை கொடுப்பதை ஒன்றிய அரசு இனியும் தள்ளிப்போடக் கூடாது.