மலைநாட்டில் எரியும் மன்மதன்

மாசி மாதத்துக் குளிர் இரவுகளில் ஹட்டன், நுவரெலியாப் பகுதித் தோட்டங்களில் தப்பொலி எழுமாயின், காமன் ஊன்றிவிட்டார்கள் என்பதை யாரும் சொல்லாமலே நாம் அறிந்துகொள்கிறோம். கோப்பிக் காலத்திலும், 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் தேயிலை பயிரிட்டதன் பின்னரும், தமிழகத்திலிருந்து வந்த நம் முன்னோர் நெஞ்சில் சுமந்துவந்த செல்வங்களுள் தலையாயது காமன் கூத்து எனின் மிகையாகாது.

கதை யாவரும் அறிந்ததே. அசுரர் கொடுமை தீரச் சிவபெருமானுக்குக் குமாரன் பிறத்தல் வேண்டும். அதற்கு அவர் தவம் கலைதல் வேண்டும். தேவர்கள் அப்பணியை மன்மதனிடம் ஒப்படைக்கிறார்கள். போகவேண்டாம் என ரதி மன்றாடுகிறாள். அவனோ கட்டளையை மீற இயலாதவனாய்ச் சென்று, நெற்றிக்கண்ணின் தீயில் சாம்பலாகிறான்.

அமாவாசைக்குப் பின் கம்பம் நட்டு, பௌர்ணமியையொட்டிக் காமனை எரிப்பது மரபு. ரதி வேடத்தையும் ஆடவரே தாங்குவர். வேடம் பூணுவோர் விரதம் காப்பர். ரதியும் மன்மதனும் லயந்தோறும் ஆடிவருங்கால், அவர்களைத் தெய்வமாகவே கருதி மக்கள் வணங்குவர்.

தஞ்சைத் தரணியில் இதே கதை லாவணி வடிவம் கொண்டது. மராத்திய மன்னர் ஆட்சியில் அங்கு வேரூன்றிய அக்கலையில், மன்மதன் எரிந்தான் என ஒரு கட்சியும், எரியவில்லை என மறு கட்சியும் பாட்டாலேயே வாதிடும். நம் மலைகளில் மேலோங்கி நிற்பதோ ரதியின் புலம்பலேயாகும்.

அதன் காரணத்தைத் தேடி நெடுந்தூரம் செல்ல வேண்டியதில்லை. மேலிடத்து ஆணைக்குப் பணிந்து சென்றவன் மாள்கிறான், ஆணையிட்டோர் வாழ்கிறார்கள், இழப்பை அவன் மனைவி சுமக்கிறாள். துரைமாரின் சொல்லுக்கு அடங்கி மலையேறிய மக்களுக்கு இது புராணம் மட்டும் அன்று. 1948இல் குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவராக்கியது. 1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம், 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு எனப் பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேரின் கதி 1974இல் முடிவாயிற்று. அண்ணன் அக்கரை, தம்பி இக்கரை என உறவுகள் பிரிந்தன. அப்பிரிவைக் கண்டவர்களுக்கு ரதியின் அழுகை அயலார் அழுகையாகத் தோன்றுமோ?

ஆயினும் கூத்து அழுகையோடு முடிவதில்லை. ரதியின் கண்களுக்கு மட்டும் புலப்படுமாறு மன்மதன் உயிர் பெறுகிறான். பிறர் காணாததைத் துயருற்றவள் காண்கிறாள் என்பதே இக்கதையின் பேறு.

இன்று நம் இளைஞர் பலர் கொழும்பிலும் கடல்கடந்தும் தொழில் செய்கின்றனர். மாசியில் வேடம் தாங்க ஆள் தேடும் தோட்டங்களும் உண்டு. இப்பாடல்களை முதியோர் வாய்மொழியாகவே கற்பிக்கின்றனர். அவர்கள் இருக்கும்போதே இளையோர் அருகமர்ந்து கேட்டு, எழுதிக்கொள்ளல் வேண்டும். எரிந்த காமனை அடுத்த மாசியில் மீண்டும் ஊன்றலாம். மறந்த பாட்டை எங்ஙனம் ஊன்றுவது?