கை ஒடிந்தால் எந்தக் கதவைத் தட்டுவது?

தோட்டப் பாட்டாளித் தோழர்களே!

ஒரு செம்பனைத் தோட்டத்து லயத்தில் கூட்டம் போட்டிருந்தோம். கூட்டம் கலைந்ததும் ஓர் அக்கா எங்களிடம் வந்தார். குலை வெட்டும்போது மட்டை விழுந்து அவர் வீட்டுக்காரருக்குத் தோள்பட்டை எலும்பு முறிந்துவிட்டது. ஆறு வாரம் எம்சி.

"அண்ணே, சட்டமன்ற உறுப்பினர் ஆபீசுக்கு மூணு தடவை நடந்துட்டேன். லெட்டர் எழுதிக் கொடுத்தாங்க. காசுதான் வரலே" என்று கண் கலங்கினார்.

அவர் மேல் குற்றமில்லை. கோயில் நிலம், சுடுகாடு, வீட்டு மனை என்று நமக்கு வந்த தலைவலியெல்லாம் மண்ணைப் பற்றியது. நிலம் மாநில அரசாங்கத்தின் கையில் இருக்கிறது. ஆகவே எதற்கெடுத்தாலும் மந்திரி புசாரையும் சட்டமன்ற உறுப்பினரையும் தேடி ஓடிப் பழகிவிட்டோம்.

வேலையில் அடிபட்டால் கிடைக்கும் நஷ்டஈடு அப்படியல்ல. நம் நாட்டு அரசியல் சட்டத்தின் ஒன்பதாவது அட்டவணை அதிகாரத்தைப் பங்கு போட்டிருக்கிறது. தொழிற்சங்கம், தொழில் தகராறு, தொழிலாளர் நஷ்டஈடு எல்லாம் மத்திய அரசாங்கத்தின் பட்டியலில்தான் உள்ளன. 1969-ஆம் ஆண்டு சொக்சோ சட்டம் மத்திய சட்டம். ஜொகூரில் அடிபட்டாலும் பேராவில் அடிபட்டாலும் கணக்கு ஒன்றே. சபா, சரவாக்கில் தொழிலாளர் சட்டம் தனி. ஆனால் சொக்சோ அங்கும் இதேதான். 2019 ஜனவரி முதல் அந்நிய நாட்டுத் தோழர்களும் இதற்குள் வந்துவிட்டார்கள். சட்டமன்ற உறுப்பினர் சிபாரிசு செய்யலாம். பணம் கொடுக்கும்படி உத்தரவு போட முடியாது.

"தோட்ட ஆபீசிலிருந்து சொக்சோவுக்கு ரிப்போர்ட் போச்சா?" என்று கேட்டோம்.

"சின்ன அடிதான், பார்த்துக்கலாம்னு மண்டோர் சொன்னாரு."

முடிச்சு இங்கேதான் விழுந்திருக்கிறது! விபத்து நடந்தது தெரிந்த 48 மணி நேரத்துக்குள் முதலாளி சொக்சோவுக்குத் தெரிவிக்க வேண்டும். அது தயவு அல்ல, கடமை. அவர் செய்யவில்லையென்றால் நாமே போய்ச் சொல்லலாம்.

மறுநாளே அக்காவை சொக்சோ ஆபீசுக்குக் கூட்டிப் போனோம். அடையாள அட்டை, எம்சி, ஆஸ்பத்திரிக் கடிதம், சம்பளச் சீட்டு, பக்கத்து நிரையில் வெட்டிக்கொண்டிருந்தவரின் சாட்சி எல்லாம் கையில் இருந்தன. மனு பதிவாகிவிட்டது. எம்சி நான்கு நாளாவது இருந்தால், சம்பளம் கிடைக்காத நாட்களுக்குச் சட்டக் கணக்குப்படி சராசரி நாள் சம்பளத்தில் 80 விழுக்காடு உண்டு. ஊனம் நிலைத்துவிட்டால் டாக்டர்கள் குழு அதை அளந்து சொல்லும். அந்த அளவு சரியில்லையென்றால் மேல்முறையீடு செய்யலாம்.

தோழர்களே, அடி சின்னதோ பெரியதோ, அன்றைக்கே ஆபீசில் எழுதி வையுங்கள். யார் பார்த்தார்கள் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். நாளைக் காலை பெரட்டில் பக்கத்தில் நிற்பவரிடமும் சொல்லுங்கள்: மண் பிரச்னைக்கு மாநிலம், உடம்பில் அடிபட்டால் சொக்சோ. அந்த அக்கா மூன்று தடவை வீணாக நடந்தது போதும்.