அடர்ந்த கூந்தலும் போர் தண்ணீரும்

ராஜாஜி பிறந்த தொரப்பள்ளியில் தொடங்கி ஓசூர் சிப்காட் வரை, கம்பெனி வேலைக்காக வெளியூர்ப் பெண்கள் ஏராளமாக வந்து தங்கியிருக்கிறார்கள். அவர்களில் அடர்த்தியான முடி உள்ளவர்களின் குறை பெரும்பாலும் ஒன்றுதான்: "ஊர்ல இருந்தப்ப அடங்கி இருந்துச்சு, இங்க வந்தப்புறம் பொசுபொசுன்னு நிக்குது." உடனே மனம் முடியை நேராக்கும் சிகிச்சையின் பக்கம் போகிறது. அதற்கு முன் பார்க்க வேண்டியது குளியலறைக் குழாயை.

தண்ணீர் செய்யும் வேலை

இது பாறை நிலம். போர் தண்ணீரில் கால்சியமும் மெக்னீசியமும் கரைந்து வரும். பக்கெட்டின் அடியில் வெள்ளையாகப் படிவது இதுதான். முடியிழையின் மேற்புறம் ஓடு வேய்ந்ததுபோல நுண்ணிய செதில்களால் ஆனது. அதன்மேல் உப்புப் படிந்தால் இழை சொரசொரப்பாகி, பக்கத்து இழையோடு சிக்கிக்கொள்ளும். முடி குறைவாக உள்ளவர்களுக்கு இது பெரிதாகத் தெரியாது. அடர்ந்த தலையில் மொத்தமும் உப்பி நிற்கும்.

தலைக்குக் குளியல் சோப்பு போடவே கூடாது. அது உப்புத் தண்ணீரோடு சேர்ந்து திரிந்து முடியிலேயே ஒட்டும். ஷாம்புவை மண்டைத் தோலில் மட்டும் தேயுங்கள். கண்டிஷனரைக் காதுக்குக் கீழே நுனிவரை தடவி, சில நிமிடம் விட்டு அலசுங்கள். ஒகேனக்கல் குடிநீரோ மழைநீரோ கிடைத்தால் கடைசி அலசலுக்கு ஒரு சொம்பு ஒதுக்கி வையுங்கள். குளிப்பதற்கு முன் நுனிகளில் கொஞ்சம் தேங்காய் எண்ணெய் தடவுவது பாட்டி சொன்னது மட்டுமல்ல. தேங்காய் எண்ணெய் இழைக்குள் ஊடுருவி, முடியின் புரத இழப்பைக் குறைக்கிறது என்பதை 2003இல் வெளியான இந்திய ஆய்வொன்று காட்டியது.

ஈரத்தலையோடு முதல் ஷிப்ட்

விடியற்காலையில் குளித்துவிட்டு, ஈரத்தோடு இறுக்கக் கொண்டை போட்டு, அதன்மேல் தொப்பியும் மாட்டிக்கொண்டு எட்டு மணி நேரம். இதுதான் என்னை அதிகம் கவலைப்பட வைக்கும் பழக்கம். ஈரமுடி எளிதில் அறுபடும். காற்றுப் படாத தலையில் அரிப்பும் பொடுகும் கூடும். தினமும் ஒரே இடத்தில் இழுத்துக் கட்டினால் நெற்றியோரத்திலும் காதுக்கு மேலேயும் முடி கொட்டத் தொடங்கும். ஆண்டுக்கணக்கில் இழுபட்டால் அங்கே மறுபடி முளைக்காமலே போகலாம்.

இயந்திரத்தின் அருகே முடியைக் கட்டி மறைப்பது உயிர்காக்கும் விதி, அதில் சலுகை இல்லை. ஆனால் தலைக்குக் குளிப்பதை ஷிப்ட் முடிந்த பிறகு வைத்துக்கொள்ளலாம். துவாலையால் தேய்க்காமல் ஒற்றி எடுத்து, அகலப்பல் சீப்பால் நுனியிலிருந்து மேல்நோக்கிச் சிடுக்கெடுங்கள். வேலைக்குப் போகும்போது கொண்டையைவிடத் தளர்வான பின்னலைச் சுருட்டிச் செருகுவது நல்லது.

பாரம் குறைய வேண்டுமென்றால் நுனியை அடுக்கடுக்காக வெட்டச் சொல்லலாம். அடர்த்தியைக் குறைக்கும் பல்வைத்த கத்தரியைச் சுருள்முடியில் மிகுதியாக ஓட்டினால், வெட்டுப்பட்ட குட்டை முடிகள் நிமிர்ந்து இன்னும் உப்பும்.

நேராக்கும் கிரீம்

முடியை நேராக்கும் சிகிச்சைக்கான சில கிரீம்களில் ஃபார்மால்டிஹைடு இருக்கிறது, அல்லது சூடாக்கும்போது வெளிவருகிறது. உலகச் சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு 2004இல் இதை மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள் என்று வகைப்படுத்தியது. அதற்கு மாற்றாக வந்த கிளையாக்சிலிக் அமிலமும் நிம்மதி தருவதாக இல்லை. மண்டைத் தோல் வழியே உடம்புக்குள் போய் ஆக்சலேட் படிகங்களாகச் சிறுநீரகத்தில் அடைத்துக்கொள்ளக்கூடும். இஸ்ரேலில் இப்படிச் சிறுநீரகம் திடீரெனப் பாதிக்கப்பட்ட 26 பெண்களைப் பற்றி மருத்துவர்கள் 2023இல் எழுதினார்கள். ஒரே பெண்ணுக்கு மூன்று முறை சிகிச்சை செய்து மூன்று முறையும் சிறுநீரகம் பழுதான நிகழ்வு 2024இல் மருத்துவ இதழில் வெளியானது.

ஆகவே டப்பாவில் உள்ள உட்பொருள் பட்டியலைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். காட்ட மறுக்கும் கடையில் உட்காராதீர்கள். ஏற்கெனவே செய்துகொண்டவர்களுக்கு அடுத்த சில நாட்களில் வாந்தி, வயிற்று வலி, முதுகு வலி, சிறுநீர் குறைதல் ஏதாவது தெரிந்தால் ஓசூர் அரசு மருத்துவமனைக்கோ அருகிலுள்ள மருத்துவரிடமோ உடனே போக வேண்டும். போனதும், தலைக்கு என்ன போட்டீர்கள் என்பதையும் சொல்லுங்கள். அதைச் சொல்லாவிட்டால் சிறுநீரகத்தைச் சோதிக்கும் கிரியாட்டினின் பரிசோதனை மருத்துவரின் நினைவுக்கு வராமலே போகலாம்.