கரை சொன்ன கதைகள் – 11: துவியும் அம்பாரியும்

தூத்துக்குடியிலிருந்து திருச்செந்தூர் போகிறவர்களுக்குச் சாகுபுரம் என்றால் டி.சி.டபிள்யூ. ஆலைதான். 1950களின் கடைசியில் காஸ்டிக் சோடா தயாரிக்க வந்த ஆலை அது. அதைச் சுற்றிக் குடியிருப்பு, பள்ளிக்கூடம், லாரிகள் என ஓர் ஊரே உண்டாயிற்று. ஆலையை நடத்திய சாகு ஜெயின் குடும்பத்தின் பெயரே ஊருக்கும் ஆனது. அதே குடும்பத்தைச் சேர்ந்த சாகு சாந்தி பிரசாத் ஜெயின்தான் 1944-இல் பாரதீய ஞானபீடத்தை நிறுவியவர். அந்த ஞானபீடத்தின் 2000-ஆம் ஆண்டு விருது அசாமிய எழுத்தாளர் இந்திரா கோஸ்வாமிக்குப் போனது.

உப்பு விளையும் நம் கரையையும் பிரம்மபுத்திராவின் கரையையும் இப்படி ஒரு பெயர் தொட்டுச் செல்வது தற்செயல். ஆனால் கோஸ்வாமியைப் படித்த கையோடு நம் கரையைப் பற்றிய நாவல்களை எடுத்தால், அவற்றுக்குள் இன்னும் நெருங்கிய உறவு தெரிகிறது. இந்த வாரம் அதைப் பேசலாம்.

கோஸ்வாமி 1942-இல் குவாஹாட்டியில் பிறந்தார். அசாமிய வாசகர்களுக்கு அவர் மாமொனி ராயசம் கோஸ்வாமி. தென் காமரூபத்தின் அம்ரங்கா சத்ராவை நடத்திவந்த குடும்பம் அவருடையது. சத்ரா என்பது சங்கரதேவர் வழிவந்த வைணவ மடம். நாமகீர்த்தனம், நாடகம், ஏட்டுச்சுவடி எல்லாம் அங்கே உண்டு. கூடவே நிலமும் குத்தகைக் குடியானவர்களும் யானையும் உண்டு. மடத்தின் அதிபதிதான் அந்தப் பகுதிக்கு நிலக்கிழாரும். நம் ஊர் ஆதீனங்களை அறிந்தவர்களுக்கு இதை அதிகம் விளக்கத் தேவையில்லை.

கர்நாடகத்தைச் சேர்ந்த பொறியாளர் மாதவன் ராயசம் ஐயங்காரை அவர் மணந்துகொண்டார். பதினெட்டே மாதத்தில் காஷ்மீரில் நடந்த கார் விபத்தில் கணவர் இறந்துபோனார். பிறகு ராமாயண ஆராய்ச்சிக்காக விருந்தாவனம் போனவர், அங்கே பஜனை பாடிக் காசு வாங்கி வயிற்றைக் கழுவும் விதவைகளின் நடுவே வாழ்ந்தார். 1976-இல் வந்த ‘நீலகண்டி பிரஜ’ அங்கே பிறந்த நாவல். தன் ஆராய்ச்சியைச் செய்துகொண்டே, கண்ணில் பட்டதையும் எழுதாமல் விடாத மனம் அவருடையது.

1988-இல் வந்தது ‘தந்தால் ஹாதிர் உயே கோவா ஹௌதா’. கொம்பன் யானையின் செல்லரித்த அம்பாரி என்று சொல்லலாம். நாட்டு விடுதலையை ஒட்டிய காலத்துக் கதை. அதில் மூன்று விதவைகள் வருகிறார்கள். இளையவள் கிரிபாலா, கணவனை இழந்து பிறந்தகம் திரும்பியவள். அவள் சாப்பாட்டில் மீன் கிடையாது, கறி கிடையாது, மசூர் பருப்புகூடக் கிடையாது. அவள் தொட்டால் தீட்டு.

ஒரு நாள் வீட்டு விசேஷத்துக்கு ஆட்டுக்கறி சமைக்கிறார்கள். அந்த வாசனை வந்து அவளைப் பிடிக்கிறது. யாரும் இல்லாத நேரம் பார்த்து உள்ளே நுழைந்து, கையால் அள்ளி அள்ளி வாயில் திணித்துக்கொள்கிறாள். பிடிபடுகிறாள், அடி விழுகிறது. ஒரு நாவலாசிரியர் இந்த இடத்தில் எவ்வளவோ பேசலாம். கோஸ்வாமி ஒரு வார்த்தை பேசுவதில்லை. பசித்த ஒரு பெண்ணின் கையையும் வாயையும் மட்டும் காட்டுகிறார். சாத்திரம் என்ன செய்கிறது என்பதை அறிய அதற்குமேல் ஒன்றும் வேண்டியதில்லை.

சத்ராவின் பழைய சுவடிகளைத் தேடி வரும் மார்க் என்ற வெள்ளைக்காரரின் குடிசையில் ஒரு நாள் கிரிபாலாவைக் கண்டுபிடிக்கிறார்கள். பிராயச்சித்தம் என்ற பெயரில் அவளை வைக்கோல் குடிசைக்குள் இருத்தி நெருப்பு வைக்கிறார்கள். நெருப்பு பற்றியதும் அவள் வெளியே ஓடி வந்துவிட வேண்டும் என்பது சடங்கு. கிரிபாலா வெளியே வரவில்லை. இந்தக் கதையை சாந்த்வனா பர்தலை 1996-இல் ‘அதாஜ்யா’ என்ற பெயரில் படமாக்கினார்.

கோஸ்வாமிக்கு மதத்தின்மேல் வெறுப்பு கிடையாது. ராமாயணத்துக்காக வாழ்நாளைக் கொடுத்தவர் அவர். மாதவ கந்தலியின் அசாமிய ராமாயணத்தையும் துளசிதாசரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தவர். காமாக்யா கோயிலின் பலியை எதிர்த்து 2001-இல் ‘சின்னமஸ்தார் மானுஹ்டோ’ எழுதியபோதும், அம்மனுக்கு ரத்தத்துக்குப் பதிலாகப் பூவைக் கொடுங்கள் என்றுதான் கேட்டார். கும்பிடும் கையோடு கேள்வி கேட்டவர் என்பதால்தான் அந்தக் கேள்வி ஆழமாக இறங்கியது. மிரட்டல்கள் வந்ததும் அதனால்தான்.

இனி நம் கரைக்கு வருவோம்.

சாகுபுரத்தைச் சுற்றிச் சில மைல்களுக்குள் மூன்று மதங்களின் நீண்ட சரித்திரம் கிடக்கிறது. தெற்கே திருச்செந்தூர் முருகன். பக்கத்திலேயே பள்ளிவாசல்கள் நிறைந்த காயல்பட்டினம். ஆற்று முகத்தில் புன்னைக்காயல்; தமிழில் அச்சுப் புத்தகம் கண்ட அண்டிரிக் அடிகளார் பணிசெய்த ஊர். முத்துக்குளித்துறையின் பரதவர்கள் 1530களில் கூட்டம் கூட்டமாக ஞானஸ்நானம் பெற்றார்கள். முத்துக்குளிப்பில் எதிரிகளின் நெருக்கடி தாங்காமல் போர்த்துக்கீசியரின் பாதுகாப்பை நாடியது அதற்கு முக்கியமான காரணம். 1542-இல் சவேரியார் வந்தார். அதன்பிறகு இந்தக் கரையில் கோயில் என்றால் மாதா கோயில்தான். வழக்கைத் தீர்ப்பதும் கணக்கைப் பார்ப்பதும் பஞ்சத்தில் சோறு போடுவதும் சாமியார்தான். பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் கோயில் தந்தவை. அதை மறுக்க எவருக்கும் மனம் வராது. கோயில் எடுத்துக்கொண்டதும் உண்டு. அங்கிருந்துதான் ராஜம் கிருஷ்ணனின் நாவல் தொடங்குகிறது.

ராஜம் கிருஷ்ணன் 1925-இல் முசிறியில் பிறந்தவர். கதை எங்கே நடக்கிறதோ அங்கே போய்த் தங்கிக் கேட்டு எழுதுவது அவர் வழக்கம். படுகர்களின் வாழ்க்கையை எழுத நீலகிரிக்குப் போனார், சம்பல் கொள்ளைக்காரர்களை எழுத அந்தப் பள்ளத்தாக்குக்கே போனார். எழுபதுகளில் நம் கரைக்கு வந்தார். 1978-இல் ‘அலைவாய்க் கரையில்’ வெளிவந்தது.

அந்த நாவலின் அச்சாணி துவி. துவி என்றால் சுறாமீனின் செட்டை. கிழக்காசியாவில் அதைச் சூப்பு வைக்க நல்ல விலை கொடுத்து வாங்குகிறார்கள். சுறாவின் உடம்பைவிடச் செட்டைக்குத்தான் மதிப்பு. பிடிபடும் சுறாவின் துவி கோயிலுக்கு என்பது பல ஊர்களில் வழக்கமாக இருந்தது. அதைக் கோயில் குத்தகைக்கு விடும். விடிய விடியக் கடலில் கிடந்து, தூண்டிலில் மாட்டிய சுறாவோடு போராடிக் கரைசேர்த்தவன் கண் முன்னாலேயே, அதில் விலையுள்ள பாகத்தை அறுத்து எடுத்துக்கொண்டு போவார்கள். மீனவனுக்கு மிஞ்சுவது உடம்பு. கோயில் கேட்டது காசுதானே என்று உள்நாட்டில் இருக்கும் நமக்குத் தோன்றும். சுறாவை இழுத்துக் கை கிழிந்தவனுக்கு அப்படித் தோன்றாது.

இதை எதிர்த்துக் கரையில் உண்மையாகவே கலகம் நடந்தது. 1960களில் இடிந்தகரையில் கோயில் குத்தகையை எதிர்த்தவர்களில் ஒரு பகுதியினர் இந்துக்களாக மாறினார்கள். நானூறு வருஷத்து வேதத்தை விட்டு ஒருவன் வெளியே போகிறான் என்றால் அவன் வயிறு எவ்வளவு எரிந்திருக்க வேண்டும்! ராஜம் கிருஷ்ணன் அந்த எரிச்சலை உள்ளபடி எழுதினார். மாதாவிடம் மன்றாடிவிட்டுக் கட்டுமரம் ஏறுகிற அதே மனிதன்தான் துவியைத் தரமாட்டேன் என்கிறான். அவனுடைய விசுவாசத்தை அவர் எங்கும் குறைத்துச் சொல்லவில்லை. அந்த நாவலில் நான் மிகவும் மதிப்பது இதைத்தான். கோஸ்வாமியின் சத்ராவில் யானைக்கும் அம்பாரிக்கும் தீனி போட்டது குத்தகைக் குடியானவனின் நெல் என்றால், இங்கே கோபுரத்துக்கும் கொடிமரத்துக்கும் போனது சுறாவின் துவி.

அடுத்த ஆண்டே ‘கரிப்பு மணிகள்’ வந்தது. இது சாகுபுரத்தின் ஆலைக்கு அக்கம்பக்கத்திலும் தூத்துக்குடி வரையிலும் பரந்துகிடக்கும் உப்பளங்களின் கதை. தேக்கி வைக்கும் தெப்பத்தில் நீர் காய்ந்து, பாத்தியில் உப்பு பூக்கும். வாருபலகையால் வாரிக் குவித்துத் தலையில் சுமப்பார்கள். வெள்ளை வெயிலில் கண் கூசும், காலில் வெடிப்பு ஆறாது, வெடிப்பில் உப்பு இறங்கும். பொன்னாச்சி என்ற பெண்ணை அந்த அளத்துக்குள் நடக்கவிட்டு, கூலி, கடன், கணக்கப்பிள்ளையின் கெட்ட எண்ணம் என ஒவ்வொன்றையும் காட்டுகிறார் ஆசிரியர். இந்த நாவலில் மதம் ஓரமாகவே நிற்கிறது. கூலிக்காரிக்குப் பக்கபலமாக எந்தச் சாமியும் வரவில்லை என்பதே அதன் செய்தி.

‘அலைவாய்க் கரையில்’ வருவதற்கு ஓராண்டு முன்னால், 1977-இல், வண்ணநிலவனின் ‘கடல்புரத்தில்’ வந்திருந்தது. மணப்பாட்டில் நடக்கும் கதை. லாஞ்சுகள் வந்து வள்ளங்களின் பிழைப்பைக் கெடுக்கும் பகை அதில் உண்டு. ஆனாலும் அது பிலோமியின் நாவல். காதலித்தவன் கைவிட்டுப் போனபிறகும் அவள் யாரையும் சபிக்கவில்லை. அவள் அம்மாவுக்கும் வாத்திக்கும் இருக்கும் நேசத்தை ஊர் ஒரு மாதிரி பார்க்கிறது, பிலோமி வேறு மாதிரி பார்க்கிறாள். பாவம் என்று கோயில் சொல்வதை அன்பு என்று புரிந்துகொள்ள அவளுக்கு முடிகிறது. கிரிபாலாவின் தீ இதில் இல்லை. ஆனால் சத்தமில்லாத இந்தப் பொறுமையையும் ஒரு வகை எதிர்ப்பாகவே நான் வாசிக்கிறேன்.

வண்ணநிலவனும் ராஜம் கிருஷ்ணனும் வெளியிலிருந்து வந்தவர்கள். உள்ளிருந்து எழுத 2004 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. உவரியில் பிறந்த ஜோ டி குருஸின் ‘ஆழி சூழ் உலகு’ அந்த ஆண்டு வந்தது. ஆமந்துறை என்ற கற்பனை ஊரின் ஐம்பதாண்டுக் கதை. நடுக்கடலில் கட்டுமரம் கவிழ்ந்து மூன்று பேர் தத்தளிப்பதோடு பின்னிப் பின்னிச் சொல்லப்படுகிறது. அதில் வரும் காகு சாமியாரைப் படித்தவர்கள் மறக்கமாட்டார்கள். ஊருக்காகவே வாழ்ந்து தேய்ந்த குருவானவர். கோயிலின் அதிகாரத்தைக் கேள்வி கேட்கும் அதே நாவல் இந்த மனிதரையும் அன்போடு வணங்குகிறது. 2009-இல் வந்த ‘கொற்கை’ இன்னும் பெரிய கேள்விக்குப் போயிற்று: முத்தும் தோணியும் கையில் வைத்திருந்த ஒரு சமூகம் எப்படிக் கைநழுவவிட்டது? அதற்கு 2013-இல் சாகித்ய அகாதெமி விருது கிடைத்தது.

இன்னும் நாவலாகாத கதைகளும் உண்டு. மதம் மாறினால் சாதி மாறிவிடும் என்று நம்புகிறவர்கள் திருநெல்வேலிச் சீமையில் வடக்கன்குளம் போய் வரலாம். 1870களில் எழும்பிய அந்தத் தேவாலயத்துக்கு இரண்டு மண்டபங்கள், நடுவே ஒரே பீடம். வேளாளர் ஒரு பக்கம், நாடார் ஒரு பக்கம், இடையில் சுவர். 1910-இல் அந்தச் சுவரை இடித்தார்கள். வேளாளர் தரப்பு உயர் நீதிமன்றம் வரை போயும் சுவர் திரும்ப எழவில்லை. இந்தச் செய்தியை ஒரு பெரிய நாவலாக யாராவது எழுதவேண்டும் என்று எனக்கு நெடுநாள் ஆசை.

இன்னொரு ஆசையும் உண்டு. கிரிபாலாவை எழுதியவர் தானே இளவயதில் விதவையானவர். நம் கரையின் நாவல்களில் பெண்கள் நிறைய வருகிறார்கள். கூடை சுமந்து மீன் விற்கிறார்கள், வட்டி கட்டுகிறார்கள், கடற்கரையில் நின்று அலறுகிறார்கள். அவர்களிலிருந்து ஒருத்தி எழுதினால் அது வேறாக இருக்கும். கடலில் போனவன் உடல் கிடைக்காவிட்டால் சட்டப்படி அவன் இறந்ததாகக் கொள்ள ஏழு ஆண்டு ஆகவேண்டும். 2017-இல் ஒக்கிப் புயல் அடித்தபிறகு அந்த விதியைத் தளர்த்தித்தான் காணாமற்போனவர் குடும்பங்களுக்கு உதவித்தொகை கொடுத்தார்கள். தாலியைக் கழற்றவும் முடியாமல் போட்டிருக்கவும் முடியாமல் ஒரு பெண் கழிக்கும் அந்த நாட்களை வெளியிலிருந்து எவ்வளவுதான் எழுதிவிட முடியும்? கரையில் பிறந்து இப்போது கல்லூரிகளில் படிக்கும் தங்கைகளிடம் கேட்கிறேன்: எழுதுங்கள். கோயிலையும் எழுதுங்கள், வீட்டையும் எழுதுங்கள்.

அதற்கு முன்னால் ஒரு வேலையை நாம் எல்லாரும் செய்யலாம். ராஜம் கிருஷ்ணனின் நூல்கள் அரசுடைமை ஆக்கப்பட்டவை. யாரும் அச்சிடலாம், யாரும் வாசிக்கலாம். ஆறுமுகநேரி, காயல்பட்டினம், புன்னைக்காயல், மணப்பாடு என்று இந்தக் கரையில் உள்ள ஒவ்வொரு பள்ளிக்கூட நூலகத்திலும் ‘அலைவாய்க் கரையில்’, ‘கரிப்பு மணிகள்’ இரண்டும் இருக்கின்றனவா என்று இந்த வாரம் போய்ப் பாருங்கள். இல்லையென்றால் ஆளுக்கு ஒரு பிரதி வாங்கிக் கொடுங்கள்.

அடுத்த வாரம்: தோப்பில் முஹம்மது மீரானின் கடலோர கிராமம்.