ஓடும் சித்திரங்கள்



சிங்கப்பூரில் தேக்கா பக்கம் போனவர்கள் ரேஸ் கோர்ஸ் ரோட்டைப் பார்த்திருப்பீர்கள். குதிரைப் பந்தயம் 1933-இல் புக்கிட் தீமாவுக்கு மாறும்வரை, அங்கே ஃபேரர் பார்க் திடலில்தான் நடந்தது. பாய்ந்தோடும் குதிரையின் நான்கு கால்களும் ஒரே சமயத்தில் தரையைவிட்டு எழும்புமா? வெறுங்கண்ணால் சொல்ல முடியாது. 1878-இல் அமெரிக்காவில் மைபிரிட்ஜ் என்பவர் காமிராக்களை வரிசையாக வைத்துப் படமெடுத்து, எழும்பும் என்று காட்டினார்.

ஓட்டத்தைத் துண்டுகளாகப் பிரிக்கலாம் என்றால், துண்டுகளைச் சேர்த்து ஓட்டத்தை உண்டாக்கவும் முடியுமல்லவா? அதுதான் கார்ட்டூன் படம். திரையில் வினாடிக்கு 24 படங்கள் ஓடும். ஒரே சித்திரத்தை இரண்டிரண்டு தடவை படமெடுத்தாலும், ஒரு நிமிடத்துக்கு 720 சித்திரங்கள் வரைய வேண்டும். ஒன்றுக்கும் அடுத்ததற்கும் இம்மியளவே வித்தியாசம் இருக்கும். எத்தனை பொறுமை வேண்டும், எண்ணிப் பாருங்கள்!

இந்தப் பொறுமையையே தொழிலாகக் கொண்டவர் ராம் மோகன். 1931-இல் பிறந்தவர், சென்னைப் பல்கலைக்கழகத்துப் பட்டதாரி. ரசாயனம் மேற்கொண்டு படிக்கப் பம்பாய் போனவர், 1956-இல் அதை விட்டுவிட்டு, அரசாங்கத்தின் பிலிம்ஸ் டிவிஷனில் கார்ட்டூன் பிரிவில் சேர்ந்தார். வால்ட் டிஸ்னி நிறுவனத்தில் வேலை செய்த கிளேர் வீக்ஸ் அங்கே வந்து பயிற்சி தந்தார். ராம் மோகனுக்குக் கை மட்டும் போதவில்லை; முறையான பயிற்சியும் வேண்டியிருந்தது.

1972-இல் சொந்த நிறுவனம் தொடங்கினார். ஜப்பானியரோடு சேர்ந்து எடுத்த இராமாயணக் கார்ட்டூன் படத்தின் இயக்குநர்களில் அவரும் ஒருவர். அது 1992-இல் வெளிவந்தது. 2014-இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். 2019-இல் காலமானார்.

நமக்கு நெருக்கமானது, யுனிசெஃப் அமைப்புக்காக அவர் உருவம் கொடுத்த மீனா என்ற சிறுமிதான். 1990-களில் தெற்காசிய நாடுகளில் ஓடிய கதை அது. மீனாவுக்குப் பள்ளிக்கூடம் போக ஆசை. வீட்டு வேலை விடவில்லை. அவளுடைய கிளி மிட்டு, பள்ளி ஜன்னலில் உட்கார்ந்து வாய்ப்பாட்டைக் கேட்டு வந்து அவளுக்குச் சொல்லித் தருகிறது. அந்தக் கணக்கால் கோழிகளை எண்ணி, ஒன்று குறைவதைக் கண்டுபிடிக்கிறாள்; திருடன் பிடிபடுகிறான். பிறகு அப்பா அவளைப் பள்ளிக்கு அனுப்புகிறார்.

பொழுது விடியுமுன் பிரட்டுக்குப் போகும் பெற்றோர், தம்பி தங்கையைப் பார்த்துக்கொள்ள மூத்த பெண்ணை வீட்டில் நிறுத்திவிடுவது நம் லயங்களுக்குப் புதிதல்ல. அவளுக்குப் பாடம் சொல்லித்தர நம் வீட்டில் மிட்டு இல்லை. ஆகவே, அவளை அனுப்பி வையுங்கள். சின்னவன் கரிக்கட்டியால் சுவரில் கிறுக்கினால் அடிக்காதீர்கள். ஒரு பழைய கணக்குப் புத்தகத்தின் பின்பக்கத்தைக் கொடுங்கள். பக்கத்துக்குப் பக்கம் ஓடுகிற குதிரையை வரையட்டும்.