பாலு மகேந்திரா படங்களில் வெளிச்சம் ஏன் நிஜமாகத் தெரிகிறது?

'மூன்றாம் பிறை' (1982) படத்தை நீங்க கைப்பேசியில்தான் பார்த்திருப்பீங்க. கமல், ஸ்ரீதேவி நடிப்பைப் பற்றி வீட்டுல பெரியவங்க நிறைய சொல்லியிருப்பாங்க. அந்த ஊட்டிப் பனியைப் படம்பிடித்தது யார் என்று சொன்னாங்களா? படத்தை இயக்கிய பாலு மகேந்திராவேதான்.

யார் இவர்?

இலங்கை மட்டக்களப்பு அருகே அமிர்தகழியில் 1939-இல் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தார். முதல் படம் மலையாளத்தில் 'நெல்லு' (1974). ரஜினியின் 'முள்ளும் மலரும்' (1978), மணிரத்னத்தின் முதல் படமான 'பல்லவி அனுபல்லவி' (1983) இரண்டுக்கும் கேமரா இவர்தான். கன்னட 'கோகிலா'வுக்கும் 'மூன்றாம் பிறை'க்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றார்.

அப்படி என்ன செய்தார்?

பழைய ஸ்டூடியோ படங்களைக் கவனிங்க. நடுராத்திரியிலும் கதாநாயகி முகம் பளிச்சென்று இருக்கும். பாலு மகேந்திரா படத்தில், அறைக்குள் வெளிச்சம் எங்கிருந்து வருகிறது என்பது உங்களுக்கே தெரியும். ஜன்னல் பக்கம் உள்ள கன்னம் வெளிச்சமாக இருக்கும், மறுபக்கம் நிழலில் கிடக்கும். அந்த நிழலை அவர் அவசரப்பட்டு விரட்டமாட்டார்.

அப்போ செலவு மிச்சம்தானே என்று கேட்கலாம். ஆனா வேலை குறையாது. உச்சி வெயில் கண்ணுக்குக் கீழே கறுப்பாக நிழல் போடும். காலை, மாலை வெயில் சாய்வாக விழும். மேகமும் பனியும் வெயிலைப் பரப்பி மென்மையாக்கும். எந்தக் காட்சிக்கு எந்த நேரம் என்று முடிவெடுத்து, அதற்காகக் காத்திருக்கணும்.

சோவியத் ஒளிப்பதிவாளர் செர்கேய் உருசெவ்ஸ்கி 'த கிரேன்ஸ் ஆர் ஃப்ளையிங்' (1957) படத்தில் கேமராவைக் கையில் ஏந்தி, கதாநாயகியின் பதற்றத்தோடு சேர்ந்து ஓடவிட்டார். அவர் அசைவில் சொன்னதை இவர் வெளிச்சத்தில் சொன்னார்.

இப்போ இதில் என்ன கவலை?

படச்சுருள் வெப்பத்திலும் ஈரத்திலும் கெட்டுப்போகும். 'வீடு' (1988) சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது வாங்கிய படம். அதன் நெகட்டிவே இல்லாமல் போனதை எண்ணி அவர் வருந்தினார். தமிழ்ப் படங்களுக்கு ஆவணக் காப்பகம் வேண்டும் என்றும் வலியுறுத்தினார். 2014 பிப்ரவரியில் காலமானார். இன்று இணையத்தில் கிடைப்பவற்றில் பல, நிறம் மங்கிய பிரதிகள். அவர் காத்திருந்து பிடித்த வெளிச்சத்தில் பாதிதான் நம்ம கண்ணுக்கு வருது.

நீங்களே செய்து பார்க்கலாம்

பாயான் லெப்பாஸ் அடுக்குமாடி வீடு போதும். மாலை ஆறரை மணிக்கு அம்மாவை ஜன்னலோரம் உட்காரவைத்து, விளக்கு போடாமல் ஒரு படம் எடுங்க. பிறகு விளக்கைப் போட்டு இன்னொன்று. ரெண்டையும் பக்கத்துல வெச்சுப் பாருங்க. முதல் படத்தில் அம்மாவின் முகத்தோடு அந்தப் பொழுதும் பதிவாகியிருக்கும்.